கூடம் கோணலா, ஆட்டம் கோணலா?

கார் பந்தயம் என்றதும் இங்குள்ள ரசிகர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது ஃபார்முலா ஒன். சிப்பாங்கில் 1999 முதல் 2017 வரை அது நடந்தது. சிங்கப்பூரில் 2008ஆம் ஆண்டு இரவுப் பந்தயமாக அறிமுகமானது. பந்தயம் முடிந்த மறுநாள் காப்பிக் கடையில் ஒரு வாதம் தவறாமல் எழும். வென்றது ஓட்டுநரா, காரா? "கார் நன்றாக இருந்தால் யார் வேண்டுமானாலும் ஜெயிக்கலாம்" என்பார் ஒருவர். "ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்" என்று மற்றவர் வாயை அடைப்பார்.

இந்த வாதத்துக்கு விடை காணவே அமைந்ததுபோல் ஒரு போட்டி உண்டு. அதன் பெயர் ரேஸ் ஆஃப் சாம்பியன்ஸ். அதாவது, வெற்றியாளர்களுக்கு மட்டுமே உரிய பந்தயம். அது ஒரு துயரத்தில் பிறந்தது. ஃபின்லாந்தின் ரேலி வீரர் ஹென்றி டோய்வொனென் 1986 மே மாதம் கோர்சிகா தீவில் நடந்த பந்தயத்தில் விபத்துக்குள்ளாகி, உடன் சென்ற வழிகாட்டியுடன் உயிரிழந்தார். அவரது நினைவாக, பிரெஞ்சு ரேலி வீராங்கனை மிஷேல் மூட்டோனும் ஃபிரெட்ரிக் ஜான்சனும் 1988இல் இப்போட்டியைத் தொடங்கினார்கள். தனிநபர் பிரிவில் வெல்பவருக்கு டோய்வொனென் நினைவுக் கிண்ணம்தான் பரிசு.

போட்டியின் விதி எளிமையானது. ஃபார்முலா ஒன், ரேலி எனப் பல துறைகளின் வீரர்கள் ஒரே இடத்தில் கூடுவார்கள். பின்னிப் பிணைந்த இரு தடங்களில் இருவர் ஒரே நேரத்தில் புறப்படுவார்கள். முதல் சுற்றில் ஒருவர் ஓட்டிய தடத்தை அடுத்த சுற்றில் மற்றவர் ஓட்டுவார். ஆகவே இருவருக்கும் தூரம் சமம். இருவருக்கும் ஒரே வகைக் கார். தோற்றவர் காரைக் குறை சொல்ல முடியாது.

அங்கே நடந்தது என்ன? ஏழு முறை உலக வெற்றியாளரான மைக்கல் சூமேக்கர், செபாஸ்டியன் வெட்டலுடன் சேர்ந்து 2007 முதல் 2012 வரை தொடர்ந்து ஆறு முறை ஜெர்மனிக்கு அணிக் கிண்ணத்தைப் பெற்றுத் தந்தார். ஆனால் தனிநபர் கிண்ணத்தை அவர் ஒரு முறைகூட வென்றதில்லை. 2010இல் போர்ச்சுகலின் ஃபிலிப்பே அல்புகெர்க் என்ற இளைஞர், இறுதிச் சுற்றில் ரேலி உலகின் முடிசூடா மன்னரான செபாஸ்டியன் லோபை வீழ்த்தினார். அதுவரை உலக ரசிகர்கள் பலர் அந்த இளைஞரின் பெயரைக் கேட்டதுகூட இல்லை.

இரண்டு மூன்று சுற்றில் என்ன தெரிந்துவிடும், அது அதிர்ஷ்டம்தானே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அதே லோப் 2003, 2005, 2008, 2022 ஆகிய ஆண்டுகளில் இக்கிண்ணத்தை வென்றிருக்கிறார். இரண்டு தலைமுறை வீரர்களை ஒருவர் அதிர்ஷ்டத்தால் மட்டும் வென்றுவிட முடியாது.

எனினும், கார் சமமானால் எல்லாமே சமமாகிவிடுமா? அதுவும் இல்லை. குறுகிய வளைவுகள் நிறைந்த தடம் ரேலி வீரர்களுக்குப் பழகிய நிலம். முதல் பல ஆண்டுகள் கிண்ணம் அவர்களிடமே இருந்தது. 2004இல்தான் ஹெய்க்கி கோவலைனென் அதை மாற்றினார். அமெரிக்காவில் 1973 முதல் 2006 வரை, இடையில் சில ஆண்டுகள் தவிர, நடந்த இன்டர்நேஷனல் ரேஸ் ஆஃப் சாம்பியன்ஸ் தொடரும் இதே பாடத்தைச் சொல்கிறது. முதல் தொடரில் 12 வீரர்கள் ஒரே வகை போர்ஷே கார்களில் மோதினார்கள். மார்க் டோனஹியூ வென்றார். பிற்காலத்தில் அத்தொடர் ஸ்டாக் கார்களுடன் நீள்வட்டத் தடங்களுக்கே மாறியது. அதற்குப் பழகிய நாஸ்கார் வீரர்களின் கையே பிறகு ஓங்கியது. அவர்களில் மார்க் மார்ட்டின் ஐந்து முறை கிண்ணத்தைப் பெற்றார். காரைச் சமமாக்கினார்கள், பழக்கத்தைச் சமமாக்க முடியவில்லை.

இப்போது இந்திய வீரர்கள் இருவரைப் பார்ப்போம். கோயம்புத்தூரின் நரேன் கார்த்திகேயன், சென்னையின் கருண் சந்தோக். இருவரும் ஃபார்முலா ஒன்னில் எச்ஆர்டி என்ற அணிக்கு ஓட்டியவர்கள். 2010 முதல் 2012 வரை மூன்று பருவங்களில் அந்த அணிக்கு ஒரு புள்ளிகூடக் கிடைக்கவில்லை. கடைசி வரிசையிலேயே ஓடினார்கள் என்று இருவரையும் ஏளனம் செய்தவர்கள் உண்டு. ஆனால் 2012 டிசம்பரில் பேங்காக்கில் நடந்த ரேஸ் ஆஃப் சாம்பியன்ஸின் ஆசியப் பிரிவில், எல்லாருக்கும் ஒரே வகைக் கார் கிடைத்தபோது, கிண்ணத்தை வென்றது இந்த இந்திய இணைதான்.

இன்னொரு சான்றும் உண்டு. 2011இல் எச்ஆர்டி அணி நரேனை நடுவில் இறக்கிவிட்டு டேனியல் ரிக்கார்டோவை ஏற்றியது. அதே ஆண்டு அக்டோபரில் இந்தியாவின் முதல் ஃபார்முலா ஒன் பந்தயத்தில் இருவருமே எச்ஆர்டி காரில் ஓடினார்கள். நரேன் 17ஆவது இடம்; ரிக்கார்டோ 18ஆவது இடம். பிறகு ரெட் புல் அணியின் கார் ரிக்கார்டோவுக்குக் கிடைத்தது. 2014இல் மூன்று பந்தயங்களை வென்றார். 2016இல் சிப்பாங்கிலும் அவருக்கே வெற்றி. நரேனுக்கு அப்படி ஒரு கார் கிடைக்கவே இல்லை. கிடைத்திருந்தால் அவரும் வென்றிருப்பார் என்று யாரும் உறுதி கூற முடியாது. ஆனால் கிடைக்காத ஒன்றை வைத்து ஒருவரைத் திறமையற்றவர் என்று தீர்ப்பளிப்பதும் முறையாகாது.

பந்தயத் தடத்துக்கு வெளியிலும் இதே தீர்ப்பு தினமும் வழங்கப்படுகிறது. தனி அறையும் துணைப்பாட வகுப்பும் உள்ள பிள்ளையின் மதிப்பெண்ணையும், கூடத்து விளக்கில் தம்பி தங்கையர் நடுவே படித்த பிள்ளையின் மதிப்பெண்ணையும் ஒரே தராசில் வைத்து, "அவனால் முடிகிறது, உன்னால் ஏன் முடியவில்லை?" என்று கேட்கும் வீடுகள் எத்தனை! சாக்குப்போக்குச் சொல்பவர்கள் இருக்கிறார்கள், மறுப்பதற்கில்லை. ஆனால் சில கூடங்கள் உண்மையிலேயே கோணல்தான். ஆடியவரைக் குறை சொல்லும் முன் கூடத்தை ஒரு முறை பார்த்துவிடுவது பெரியவர்களின் கடமை.