'முன்னோடிகள்': ஒரு படமும் பத்துக் குற்றச்சாட்டுகளும்



1959 செப்டம்பரில் வடகிழக்குச் சீனத்தின் புல்வெளியில் எண்ணெய் பீறிட்டது. அடுத்த ஆண்டே தாச்சிங் வயலில் தொழிலாளர்கள் திரண்டனர். பாரந்தூக்கிகள் போதவில்லை, துளையிடும் எந்திரத்தைக் கயிறு கட்டி இழுத்தனர். குழாய்நீர் இல்லை, பனியை உடைத்து வாளிகளில் நீர் சுமந்தனர். கிணறு கட்டுமீறிச் சீறியபோது, காயமுற்ற காலோடு சேற்றுக் குழியில் குதித்து, சிமெண்டை உடலாலேயே கலக்கினார் வாங் ஜின்சி. அவ்வாண்டுக் கோடையில் சோவியத் வல்லுநர்கள் சீனத்திலிருந்து திரும்ப அழைக்கப்பட்டனர், பணி நிற்கவில்லை.

இவ்வரலாற்றைத் தழுவிச் சாங்சுன் திரைப்பட நிலையம் உருவாக்கிய 'முன்னோடிகள்' 1975இல் திரைக்கு வந்தது. நாயகன் சௌ திங்ஷானின் உருவில் வாங் ஜின்சியைக் காணலாம். ஆனால் சியாங் சிங் தரப்பு பத்துக் குற்றங்களைச் சுமத்திப் படத்தை முடக்கியது. திரைக்கதையாசிரியர் சாங் தியான்மின் மாவோவுக்கே கடிதம் எழுதினார். ஜூலை 25 அன்று மாவோ பதில் குறிப்பு எழுதினார்: பெரும்பிழை ஏதுமில்லை, வெளியிடலாம், பத்துக் குற்றங்கள் என்பது மிகை.

படத்தில் குறைகள் உண்டு. நாயகன் தடுமாறுவதே அரிது. அக்காலக் கலைமரபின் சுமை அது. அதை விமர்சிக்கலாம், விமர்சிக்கவும் வேண்டும். விமர்சனம் வேறு, குற்றப்பத்திரிகை வேறு.

ஒரு தலைவர் விதித்த தடையை இன்னொரு தலைவரின் குறிப்பே நீக்க வேண்டியிருந்தது என்பதுதான் இவ்வரலாற்றின் கசப்பு. உழைப்போரைப் பற்றிய கலைக்கு உழைப்போரே முதல் நடுவர்களாக இருத்தல் வேண்டும். அந்த உரிமையைக் காப்பது கட்சியின் கடமை.