ஓவர்கோடிங்: ஒரு சொல், நாலு தொழில், ஒரு கிணத்துப் பாதை

இந்த எபிசோடை பூலாம்பாடியில எங்க சித்தப்பா வீட்டு மாடியில உட்கார்ந்து ரெக்கார்ட் பண்ணினேன். கேட்டவங்களுக்குத் தெரியும், நடுநடுவே ஆடு கத்தும். எழுத்துல அந்தச் சத்தத்தை எடுத்தாச்சு. ஆனா அந்த ஆடு வேற காரணத்துக்காகக் கொஞ்ச நேரத்துல திரும்ப வரும்.

ஊர் தெரியாதவங்களுக்கு: பெரம்பலூர் மாவட்டம், பச்சமலை அடிவாரம், ஒரு பேரூராட்சி. மக்காச்சோளம், பருத்தி, சின்ன வெங்காயம், எல்லாம் பெரும்பாலும் கிணத்தை நம்பித்தான். எங்க கிணறு நாலு பங்காளிகளுக்குப் பொது, ஆளுக்கு ஒரு நாள் முறை. மோட்டார் ரூம் சுவத்துல சாக்பீஸால கோடு போட்டு வச்சிருப்பாங்க, யார் முறை, எத்தனை மணி நேரம் கரண்ட் போச்சுன்னு.

இதைப் பார்த்துட்டு சும்மா இருக்க முடியுமா? நான் ஒரு ஆப் எழுதினேன். லாகின் இருக்கு, பங்காளிக்கு ஒரு ரோல், அட்மினுக்கு ஒரு ரோல். கரண்ட் போனா முறையைத் தள்ளி வைக்கிறதுக்குன்னு ஒரு ரூல் எஞ்சின். நாளைக்கு நாலு பங்கு நாப்பது பங்கு ஆச்சுன்னா தாங்கணுமேன்னு தனித்தனியா மூணு சர்வீஸ். பெருமையா ஒரு ஃப்ரெண்டுக்கு அனுப்பினேன். அவன் ஒரே வரியில பதில் போட்டான்: "மச்சி, இது ஓவர்கோடிங்."

எங்க தொழில்ல இதுக்குப் பரவலா புழங்குற பேர் ஓவர் இன்ஜினியரிங். இன்னும் வராத பிரச்சனைக்கு இன்னிக்கே தீர்வு எழுதி வைக்கிறது. 90கள் கடைசியில எக்ஸ்ட்ரீம் புரோகிராமிங் ஆளுங்க இதுக்கு எதிரா 'யாக்னி'ன்னு ஒரு கொள்கையே வச்சாங்க: உனக்கு அது தேவைப்படப் போறதில்லை, எழுதாதே. நாப்பது பங்காளி வரப் போறதில்லை. வந்தா கிணறே தாங்காது.

இந்தக் கமெண்டை வீட்டு வாட்ஸ்அப் குரூப்ல போட்டேன், சிரிக்கட்டுமேன்னு. திருச்சியில மெடிக்கல் கோடிங் பண்ற என் சித்தி பொண்ணு உடனே போன் பண்ணிட்டா. குரல்ல பதட்டம். "அண்ணா, ஓவர்கோடிங்னு யாராவது எழுதிக் குடுத்துட்டாங்களா? மெயில்லயா? ஆடிட்டா?"

அவ உலகத்துல அந்தச் சொல் கிண்டல் இல்லை. வேலையே போயிடும்.

நம்ம ஊர்ல பயோடெக், நர்சிங், பார்மசி முடிச்ச எத்தனையோ பேர் இந்த வேலையில இருக்காங்க. ஆனா என்ன வேலைன்னு கேட்டா வீட்ல "ஏதோ கம்ப்யூட்டர்"னு சொல்லிடுவாங்க. அமெரிக்காவுல ஒரு டாக்டர் நோயாளியைப் பார்த்து நோட் எழுதுறார். இங்க இருக்கிற கோடர் அதைப் படிச்சு, என்ன நோய், என்ன சிகிச்சைங்கறதை நம்பரா மாத்தணும். அந்த நம்பரை வச்சுத்தான் இன்சூரன்ஸ் பணம் தரும். 2015 அக்டோபர்ல அமெரிக்கா ஐசிடி 10-க்கு மாறினப்போ, சுமார் 14,000 நோய்க் கோட் இருந்த இடத்துல கிட்டத்தட்ட 70,000 வந்துச்சு. வாத்து அடிச்சுக் காயம் ஆனாக்கூட தனிக் கோட் இருக்கு, டபிள்யூ 61.62. நான் விளையாட்டுக்குச் சொல்லலை, போய்ப் பாருங்க.

சர்க்கரை நோயை எடுத்துக்குவோம். சிக்கல் எதுவும் இல்லாத டைப் 2-ன்னா இ 11.9. அதனால கிட்னி பாதிச்சிருந்தா இ 11.22. நோட்ல கிட்னி பத்தி டாக்டர் எதுவும் எழுதாம, கோடர் இரண்டாவது நம்பரைப் போட்டா அது ஓவர்கோடிங். பழைய நோயாளி திரும்ப வந்து டாக்டரைப் பார்க்கிறதுக்கு 99211-ல இருந்து 99215 வரைக்கும் அஞ்சு படி இருக்கு. மூணாவது படி வேலையை நாலாவது படின்னு போட்டாலும் அதே கதைதான், அதுக்கு அப்கோடிங்னு தனிப் பேரும் உண்டு. அங்க அரசாங்கப் பணத்துல நடக்கிற சில தனியார் இன்சூரன்ஸ் திட்டங்கள்ல, நோயாளி எவ்வளவு மோசமான நிலையில இருக்காரோ அந்த அளவுக்குக் கம்பெனிக்குப் பணம். அப்போ எல்லாரையும் காகிதத்துல இன்னும் கொஞ்சம் நோயாளி ஆக்கணும்னு ஆசை வரத்தானே செய்யும்? இதைப் பிடிக்க அவங்க இன்னிக்கும் பயன்படுத்துறது 1863-ல வந்த பொய்க் கோரிக்கைச் சட்டம். அமெரிக்க உள்நாட்டுப் போர்ல ராணுவத்துக்குச் சரக்கு வித்து ஏமாத்தினவங்களைப் பிடிக்கப் போட்ட சட்டம் அது. ஏமாத்தினதுக்கு மூணு மடங்கு திருப்பிக் கட்டணும்.

"குறைச்சுப் போட்டாலும் தப்புண்ணா, அது அண்டர்கோடிங்"னா தங்கச்சி. "டாக்டர் மனசுல இருந்தது எங்களுக்குத் தேவையில்லை. நோட்ல இல்லைன்னா அது நடக்கவே இல்லை."

இந்தக் கடைசி வரியை ஞாபகம் வச்சுக்கோங்க. இதே வரி எங்க நிலத்து விஷயத்துல வேற மாதிரி வந்து நிக்கும்.

சமூக ஆய்வு பண்றவங்களும் கோடிங்ங்கறாங்க. பேட்டியை எழுதி வச்சு, ஒவ்வொரு பகுதிக்கும் 'கடன்', 'பயம்', 'மரியாதை'ன்னு குறிப்புப் போடறது. வரிக்கு வரி குறிப்புப் போட்டு, நானூறு குறிப்போட முழி பிதுங்கி உட்கார்ந்திருந்தா அது அவங்க ஓவர்கோடிங். பாவம், அதுக்கு வழக்கும் கிடையாது, கிண்டலும் கிடையாது. பிஎச்டி ஒரு வருஷம் தள்ளிப் போகும், அவ்வளவுதான்.

ஒரே சொல் இப்படி ஆளுக்கு ஒரு அர்த்தத்துல புழங்குறதைப் பார்த்தப்போ எனக்கு பள்ளிக்கூடத் தமிழ் இலக்கணம் ஞாபகம் வந்துச்சு. பத்தாம் வகுப்புல மனப்பாடம் பண்ணி மறந்த விஷயம். 13ஆம் நூற்றாண்டுல பவணந்தி முனிவர் எழுதின நன்னூல்ல தகுதி வழக்குன்னு மூணு வரும்: இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி. குழூஉக்குறின்னா ஒரு கூட்டம் தங்களுக்குள்ள மட்டும் வச்சுக்கிற சொல். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி'ம்பாங்க, யானைப்பாகர் ஆடையைக் 'காரை'ம்பாங்க. வெளியாளுக்குப் புரியக்கூடாது, அதான் நோக்கமே.

ஓவர்கோடிங் இதைவிட ஆபத்து. 'பறி'ன்னு கேட்டா, நமக்குப் புரியலைங்கறதாவது நமக்குப் புரியும். ஓவர்கோடிங்னு கேட்டா நான் என் அர்த்தத்துல தலையாட்டுவேன், தங்கச்சி அவ அர்த்தத்துல நடுங்குவா. ரெண்டு பேருமே புரிஞ்சதா நினைப்போம்.

சரி, மங்கலத்துக்கு வருவோம். இங்கதான் ஆடு. கருப்பா இருக்கிற ஆட்டை நாம 'வெள்ளாடு'ன்னு சொல்றோம்ல? கருப்புன்னு சொல்றது மங்கலம் இல்லைன்னு அப்படிச் சொல்றதா இலக்கணத்துல வரும். சுடுகாட்டை 'நன்காடு'ங்கறதும் அப்படித்தான். இத்தாலிக்காரர் உம்பர்ட்டோ எக்கோ, நாவலாசிரியரா நிறைய பேருக்குத் தெரியும், குறியியல் பேராசிரியரும்கூட. 1975-ல அவர் எழுதின கோட்பாட்டு நூல் அடுத்த வருஷம் இங்கிலீஷ்ல வந்துச்சு. அதுல ஓவர்கோடிங்னு ஒரு பகுதி. ஏற்கனவே ஓடிட்டிருக்கிற ஒரு விதி மேல, இன்னும் குறுகலான இன்னொரு விதி வந்து உட்கார்றது. அவருக்கு இது தப்போ குற்றமோ இல்லை, பண்பாடு தடிமன் ஆகுற விதமே இதுதான்.

கிளம்பும்போது நாம "போயிட்டு வர்றேன்"னு சொல்றோம். அகராதிப்படி அது திரும்பி வர்றேன்ங்கற தகவல். அதுமேல ஒரு விதி: தகவல் இல்லை, விடைபெறும் மரியாதை. அதுக்கும் மேல இன்னொரு விதி: சாவு வீட்ல அதைச் சொல்லக் கூடாது, சொல்லாம எழுந்து போகணும். மூணு அடுக்கு, யாரும் உட்கார்ந்து எழுதலை. எக்கோ ஓவியத்துல இருந்தும் உதாரணம் தருவார்: தட்டுல ரெண்டு கண்ணை ஏந்தி ஒரு பொண்ணு நின்னா அது புனித லூசியா. நான் அதை பக்கத்து அரும்பாவூர்ல பார்க்கிறேன். அரும்பாவூர் மரச்சிற்பத்துக்கு 2020-ல புவிசார் குறியீடு கிடைச்சது. மரத்துல ஒரு பொண்ணு உருவம் வரும், மடியில வீணை வந்ததும் அது சரஸ்வதி. அந்த வீணையை எடுத்துட்டா வெறும் ஒரு பொண்ணு.

இதுவரைக்கும் ஜாலியாதான் இருந்துச்சு. நான் ஊருக்கு வந்ததே வேற வேலைக்கு.

எங்க காட்டுல இருந்து கிணத்துக்குப் போக ஒரு வண்டிப்பாதை உண்டு, இன்னொருத்தர் நிலத்தோட ஓரமா. தாத்தா காலத்துல இருந்து அதுலதான் போறோம். அந்த நிலத்துக்காரர் போன வருஷம் வித்துட்டார். வாங்கினவர் வெளியூர். நல்ல மனுஷன்தான், சண்டைக்காரர் இல்லை. புலப்படத்தைக் கையில வச்சுக்கிட்டு சித்தப்பாகிட்ட மரியாதையாத்தான் கேட்டார்: "இதுல பாதை எங்கங்க இருக்கு?" அதுல இல்லை. அடுத்த வாரம் கல்லுக்கால் நட ஆள் வந்துட்டாங்க.

நோட்ல இல்லைன்னா அது நடக்கவே இல்லை.

1972-ல பிரான்ஸ்ல தெலூஸ், குவாத்தாரின்னு ரெண்டு பேர் எழுதின 'ஆன்டி ஈடிபஸ்'ல ஓவர்கோடிங் இந்த அர்த்தத்துலதான் வருது. மனுஷங்க கூட்டங்களுக்கு நிலம், உறவு, கடன் எல்லாத்துக்கும் அவங்கவங்க கணக்கு ஏற்கனவே இருக்கு. அரசு வரும்போது அதை அழிக்காது, அப்படியே விட்டுட்டு மேல தன்னோட கணக்கு ஒண்ணை வைக்கும். அதுக்கப்புறம் கீழ இருக்கிறது எதுவும் மேல இருக்கிறது வழியாத்தான் பேச முடியும். படிக்கக் கஷ்டமான புத்தகம், நான் முழுசா ரசிச்சேன்னு பொய் சொல்ல மாட்டேன். ஆனா இந்த ஒரு விஷயத்தை எங்க காட்டுல நின்னு பார்த்தா உடனே புரியுது.

எங்க காட்டுக்கு 'வேப்பமரத்துக் காடு'ன்னு பேர். மரம் நான் பிறக்கிறதுக்கு முன்னாடியே போச்சு, பேர் போகலை. அதுமேல சர்வே நம்பர் வந்து உட்கார்ந்துச்சு. 1923-ல சர்வே மற்றும் எல்லைகள் சட்டம். 1979-ல யூடிஆர் ஆரம்பிச்சு, 80கள்ல ஊர் ஊரா பட்டா, உட்பிரிவு எல்லாத்தையும் புதுசா எழுதினாங்க. "யூடிஆர்ல பேர் தப்பா ஏறிடுச்சு"ங்கறது தமிழ்நாட்டுல நிலம் வச்சிருக்கிற எந்த வீட்லயும் கேட்கிற வாக்கியம். அப்புறம் எல்லாம் கம்ப்யூட்டர். ஒவ்வொரு தடவையும் மேல இருக்கிற கணக்கு சுத்தமாகும். சாக்பீஸ் முறையும் வண்டிப்பாதையும் அதுல ஏறாது, ஏன்னா அதுக்குக் கட்டமே இல்லை.

நம்பரே வேணாம்னு நான் சொல்லலை. பட்டா இல்லாதவங்க படுற பாடு தெரியும், பேங்க் லோனுக்கும் பயிர் இன்சூரன்ஸுக்கும் அந்த நம்பர்தான் கதி. நம்பர் இல்லாத காலத்துல வாய் பலமா இருக்கிறவன் சொல்றதே எல்லையா இருந்திருக்கும். எனக்குக் கேள்வி ஒண்ணுதான். மேல ஒரு கணக்கு வைக்கிறப்போ, கீழ இருக்கிறதைத் திரும்பக் கேட்க ஒரு வழி விட்டோமா? எக்கோ சொல்ற ஓவர்கோடிங்ல அது இருக்கு. "போயிட்டு வர்றேன்"ங்கறதுக்கு நேரடி அர்த்தம் இன்னும் சாகலை. புலப்படத்துல அந்த வழி இல்லை.

ஆனா வேற ஒரு இடத்துல இருக்கு. பரண் மேல தகரப் பெட்டியில தாத்தாவோட பாகப்பிரிவினைப் பத்திரம் கிடைச்சது. நாலெல்லை எழுதி, கீழ "கிணற்றில் நாலில் ஒரு பங்கும் மாமூல் வண்டிப்பாதை பாத்தியமும்"னு இருக்கு. அந்த 'மாமூல்'ங்கற சொல்லைப் பாருங்க. பத்திரத்துல அது வழக்கம், அதாவது உரிமை. இன்னிக்கு ரோட்ல மாமூல்னா என்னன்னு உங்களுக்கே தெரியும். சித்தப்பா பத்திரத்தை வாங்கினவர்கிட்ட வாசிச்சுக் காட்டினப்போ அவரோட டிரைவர் அந்த இடத்துல சிரிச்சுட்டார்.

பத்திரம் எங்க குடும்பத்துக்குள்ள எழுதினது, பக்கத்து நிலத்துக்காரர் அதுல கையெழுத்துப் போடலை. அதனால அது மட்டும் போதாதுன்னு வக்கீல் சொல்றார். அவர் கையில எடுக்கிறது 1882-ஆம் வருஷத்து ஈஸ்மெண்ட் சட்டம். வெளிப்படையா, தடையில்லாம, உரிமையா நினைச்சு இருபது வருஷம் ஒரு வழியைப் பயன்படுத்தியிருந்தா அது உரிமையாவே ஆகலாம். அதை முடிவு பண்றது சிவில் கோர்ட், பட்டா ஆபிஸ் இல்லை. அதாவது புலப்படத்துல இல்லாத ஒண்ணை நடந்துதுன்னு நிரூபிக்க சட்டத்துலயே ஒரு கதவு இருக்கு. நாங்கதான் சாட்சி தேடணும்.

சாட்சின்னதும் நான் உற்சாகமா என் ஆப்பைப் பத்திச் சொன்னேன். தேதி, நேரம், யார் முறை, எல்லாம் பதிவாகும்னு. வக்கீல் எத்தனை நாள் டேட்டா இருக்குன்னு கேட்டார். பதினோரு நாள்.

சித்தப்பா எதுவும் பேசலை. மறுநாள் காலையில என்னை மோட்டார் ரூமுக்குக் கூட்டிட்டுப் போனார். சாக்பீஸ் கோடு முறைக்கு முறை அழிஞ்சிடும். ஆனா கதவுக்குப் பின்னாடி, வெள்ளை அடிக்காத சுவத்துல, மோட்டார் காயில் கட்டின தேதியை எல்லாம் ஆணியால கீறி வச்சிருக்காங்க, கூடவே செலவைப் பங்கு போட்ட நாலு பேரோட முதலெழுத்து. மேல இருக்கிறது 1994. ஒவ்வொரு தடவையும் மோட்டாரைத் தூக்கி வண்டியில ஏத்தி எடுத்துட்டுப் போயிருக்கணும். அந்த வண்டி போக வேற வழியே கிடையாது.

போட்டோ எடுத்து வக்கீலுக்கு அனுப்பியிருக்கேன். அவர் இன்னும் பதில் போடலை. கல்லுக்கால் நடுறதை அறுவடை முடியிற வரைக்கும் நிறுத்தி வைக்க வாங்கினவர் ஒத்துக்கிட்டார், அந்த வகையில நிம்மதி. ஆப்பை மூணு சர்வீஸ்ல இருந்து ஒரே ஃபைலுக்குக் குறைச்சிருக்கேன், அதையும் சித்தப்பா திறக்கிறதில்லை.

உங்க வீட்டுக் காட்டுக்கு, வயலுக்கு, சர்வே நம்பருக்கு முன்னாடி என்ன பேர்? வீட்ல பெரியவங்ககிட்ட கேட்டு வாய்ஸ் மெசேஜா அனுப்புங்க. அடுத்த எபிசோட்ல போடறேன்.