இயந்திரத்துக்கு எண்ணெய் இட்டவர்கள்



காலத்தையே தன் கைப்பிடிக்குள் கொண்டுவந்த ஒரு கற்பனைப் பொறியியலாளரின் வாழ்வையும் பணியையும் பற்றி இன்று உங்களோடு பேச விரும்புகின்றேன். எச். ஜி. வெல்ஸ் 1895 இல் வெளியிட்ட 'கால இயந்திரம்' என்ற நாவலின் நாயகர் அவர். ஆசிரியர் அவருக்குப் பெயர் சூட்டவில்லை. 'காலப் பயணி' என்பதோடு நிறுத்திக்கொண்டார்.

இலண்டனை அடுத்துள்ள றிச்மண்டில் அவருடைய வீடு. வியாழக்கிழமைகளில் வைத்தியர், உளவியலாளர், பத்திரிகாசிரியர் போன்றோர் அங்கு விருந்துக்குக் கூடுவர். அவர்களுக்குத்தான் அவர் தமது தத்துவத்தை விளக்குகின்றார். நீளம், அகலம், உயரம் என்பவற்றைப் போலக் காலமும் ஒரு பரிமாணமே. அதிலும் முன்னும் பின்னும் செல்லலாம் என்பது அவர் வாதம்.

வாதத்தோடு நின்றுவிடுபவரல்லர் அவர். நிக்கல், தந்தம், பித்தளை, பளிங்கு ஆகியவற்றைக் கொண்டு தாமே இயந்திரத்தைச் செய்கின்றார். பூட்டும் வேளையில் நிக்கல் கம்பி ஒன்று ஓர் அங்குலம் குட்டையாகிவிடுகின்றது. அதை மறுபடி செய்வித்த பின்னரே பயணம் தொடங்குகின்றது. இந்த ஓர் அங்குலம்தான் கற்பனையை நம்ப வைக்கின்றது. பட்டறையில் நின்று பழகியவருக்கு அந்த எரிச்சல் நன்கு தெரியும்.

அவர் போய்ச் சேரும் ஆண்டு 802701. அங்கே மேலுலகில் ஏலோய் என்ற அழகிய சிறு மனிதர்கள் பழங்களை உண்டு, பூக்களோடு விளையாடுகின்றனர். உழைப்பு இல்லை, அறிவும் மங்கிவிட்டது. நிலத்தின் கீழே இருளில் மோர்லொக் என்ற வெளிறிய இனம் வாழ்கின்றது. இயந்திரங்களை இயக்குவோர் இவர்களே. இரவில் மேலே வந்து ஏலோய்களைப் பிடித்துத் தின்பவர்களும் இவர்களே. முதலாளிக்கும் தொழிலாளிக்கும் இடையே இருந்த பிளவு, பல்லாயிரம் ஆண்டுகளில் இரண்டு இனங்களாகவே முற்றிவிட்டது என்று பயணி ஊகிக்கின்றார்.

இந்தப் பாதாளத்தை வெல்ஸ் எங்கிருந்து பெற்றார்? 1866 இல் புறொம்லியில் ஒரு சிறு கடைக்காரரின் மகனாகப் பிறந்தவர் அவர். அந்த வீட்டின் சமையலறை நிலமட்டத்துக்குக் கீழே இருந்தது. பின்னர் அவருடைய தாயார் சசெக்ஸில் அப்பார்க் என்ற பெருமாளிகையில் வீட்டுப் பணியாளர்களுக்குத் தலைவியாகச் சேவகம் செய்தார். அங்கே பணியாளர் போய்வர நிலத்தடிப் பாதைகள் இருந்தன. மேலே பிரபுக்கள், கீழே தட்டங்களைச் சுமந்து நடப்போர். துணிக்கடையில் வேலை பழகப் போய் மனம் வெதும்பிய அச்சிறுவன், பின்பு தோமஸ் ஹக்ஸ்லியிடம் உயிரியல் கற்றான். வேலைக்காரியின் மகன் கண்ட காட்சியும், ஹக்ஸ்லியின் மாணவன் கற்ற பரிணாமமும் சேர்ந்தே இந்த நாவலாயின.

நேயர்களே, நாவலிலுள்ள ஒரு சிறு செய்தியை உங்களுக்குச் சொல்ல வேண்டும். பயணி வந்திறங்கிய உடனே மோர்லொக்குகள் அவருடைய இயந்திரத்தைக் களவாடி, ஒரு வெண்சிலையின் பீடத்தினுள் ஒளித்துவிடுகின்றனர். பல நாட்களின் பின் அவர் அதைக் காணும்போது வியப்படைகின்றார். இயந்திரம் துடைக்கப்பட்டு, எண்ணெய் இடப்பட்டிருக்கின்றது!

நான் மாணவனாக இருந்தபோது இந்த இடத்தைக் கவனியாமலே கடந்துவிட்டேன். மோர்லொக்குகள் எனக்குப் பேய்கள், அவ்வளவுதான். எனது தகப்பனார் ஓர் அச்சுக்கூடத்தில் இயந்திரம் ஓட்டியவர். மற்றவர்கள் போன பின்னும் நின்று, இயந்திரத்தைத் துடைத்து எண்ணெய் இட்டுவிட்டே வீட்டுக்கு வருவார். அவர் கைகளின் கறுப்பு சவர்க்காரத்துக்குப் போகாது. பாடசாலைக்கு அவர் வந்தால் நான் சற்று விலகியே நிற்பேன். அவர் காலமான பின்னர் இந்த நூலை மறுபடி படித்தேன். அந்த எண்ணெயில் என் கண் நின்றுவிட்டது.

அந்தப் பிற்கால உலகில் நமது பொறியியலாளரின் கைவினையை மதித்தவர் யார்? அவர் நேசித்த ஏலோய்களுக்கு இயந்திரம் ஒரு பொருட்டே அல்ல. அதைத் தொட்டு, துடைத்து, விளங்கிக்கொள்ள முயன்றவர்கள் அவர் வெறுத்த மோர்லொக்குகளே. தொழிலால் அவர்களே அவருக்கு உறவினர். அவரோ, பாழடைந்த அரும்பொருட்சாலையில் ஓர் இயந்திரத்தின் நெம்புகோலை முறித்தெடுத்து, அவர்களின் மண்டையைப் பிளக்க ஆயுதமாக்குகின்றார். அவர் வைத்த தீ காடெங்கும் பரவிய அந்த இரவிலேயே, அவரிடம் அன்பு வைத்த வீனா என்ற சிறுபெண்ணும் அவர் கையைவிட்டுப் போய்விடுகின்றாள்.

மோர்லொக்குகள் செய்வது கொடுமை. அதை நான் மறைக்க வரவில்லை. ஆனால் அவர்களைக் கீழே தள்ளி மூடியவர்கள் யார் என்ற கேள்வியை வெல்ஸ் நம்மிடமே விட்டுச் செல்கின்றார். விருந்தினருள் பெரும்பாலோருக்குப் பெயரில்லாத இந்தக் கதையில், வீட்டுப் பணிப்பெண்ணுக்கு வாச்செற் அம்மையார் என்று பெயர் உண்டு. பயணம் தொடங்கும் கணத்தில் அவர் அறையைக் குறுக்கே கடந்து போகின்றார். அதை வெறும் தற்செயல் என்று எண்ண எனக்கு மனம் வரவில்லை.

மறுநாள் பயணி மீண்டும் புறப்படுகின்றார். அரை மணி நேரத்தில் வருவதாகச் சொன்னவர், மூன்று ஆண்டுகளாகியும் வரவில்லை. வீனா அவருடைய சட்டைப் பையில் இட்ட இரண்டு வெண்பூக்கள் மட்டும் வாடிப்போய் நண்பரிடம் எஞ்சுகின்றன. காலத்தை வென்ற இயந்திரத்தால் ஓர் இழப்பைத் திருத்த முடியவில்லை.

என் தகப்பனாரின் கையைப் பாடசாலை வாசலில் பிடித்துக்கொள்ள எனக்கும் அப்படியோர் இயந்திரம் கிடையாது. இன்று நம் வீட்டு விளக்கு எரிய, நாளைய பத்திரிகை அச்சாக, எங்கோ ஒருவர் கையில் எண்ணெய்க் கறையோடு நிற்கின்றார். அவரை நாம் பெயர் சொல்லி அழைக்கின்றோமா? அதற்குக் கால இயந்திரம் தேவையில்லை.