யாருடைய கை? யாருடைய தெரு?

(மாணவர்களும் இயக்கத் தோழர்களும் கூடிய படிப்பு வட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். பேச்சுநடை சில இடங்களில் அப்படியே விடப்பட்டுள்ளது.)



ஆகஸ்ட் 22 வந்தால் சென்னை நகரத்துக்குப் பிறந்தநாள் கொண்டாடுகிறார்கள். 1639-இல் தாமர்ல வேங்கடப்ப நாயக்கர் கடலோரத்தில் ஒரு துண்டு நிலத்தைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு எழுதிக் கொடுத்தாராம், பிரான்சிஸ் டே வாங்கிக்கொண்டாராம், நகரம் பிறந்துவிட்டதாம். கொடுத்தவர் பேர் இருக்கு, வாங்கினவர் பேர் இருக்கு. படகிலிருந்து மூட்டையைத் தலையில் வைத்துக் கரையேற்றினவன் பேர் இருக்கா? இல்லை. அவன் எந்தத் தெருவில் குடியிருந்தான், அந்தத் தெரு அவனுக்கு எப்படி ஒதுக்கப்பட்டது என்பதையாவது கேட்க வேண்டாமா? இன்றைக்கு நாம் பேச வேண்டியது அதைத்தான்.

காலனிய நகரம் என்றதும் வரலாற்றாசிரியர்கள் உடனே இரண்டு நகரத்தைச் சொல்வார்கள். கோட்டைக்குள் வெள்ளையர் பட்டணம். கோட்டைக்கு வெளியே கறுப்பர் பட்டணம். வெள்ளைக்காரன் நிறத்தை வைத்து நம்மையெல்லாம் ஒன்றாக ஒதுக்கினான் என்று சொல்லி முடித்துக்கொள்வார்கள். சரி, அது உண்மைதான். ஆனால் கறுப்பர் பட்டணத்துக்குள்ளே இன்னொரு கோடு இருந்ததே, அது யார் போட்டது? கம்பெனி ஆவணங்களிலும் பழைய வரைபடங்களிலும் 'பெரிய பறச்சேரி' என்று ஒரு பெயர் திரும்பத் திரும்ப வருகிறது. ஊர் வேறு, சேரி வேறு என்பதைக் கப்பலில் வந்தவன் கொண்டுவரவில்லை. அது இங்கேயே இருந்தது. அவன் அதை வரைபடத்தில் எழுதினான், சட்டமாக்கினான், அதன்மேல் வியாபாரம் நடத்தினான். ஆக, நகரம் இரண்டல்ல, மூன்று. மூன்றாவதைப் பற்றிப் பேச நம்மை விட்டால் ஆளில்லை.

அன்றைக்குக் கம்பெனிக்கு இங்கே வேண்டியது நாடு அல்ல, துணி. ஐரோப்பாவிலும் கிழக்குத் தீவுகளிலும் சோழமண்டலக் கரைத் துணிக்குப் பெரிய கிராக்கி. ஆனால் வெள்ளைக்காரனுக்கு நெசவாளி வீடு தெரியாது, மொழி தெரியாது. இடையில் ஆள் வேண்டும். அந்த இடையாள்தான் தலைமை வணிகர், அந்த இடையாள்தான் துபாஷி. கம்பெனி வணிகருக்கு முன்பணம் கொடுக்கும். வணிகர் நெசவாளிக்கு முன்பணம் கொடுப்பார். துணி நெசவாளியிடமிருந்து வணிகர் வழியாகக் கோட்டைக்குப் போகும். முன்பணம் வாங்கினவன் கடன்பட்டவன். கடன்பட்டவன் விலை பேச முடியாது. பேரி திம்மப்பா, 1680-இல் இறந்த காசி வீரண்ணா போன்றவர்கள் இப்படித்தான் நகரத்தின் பெரிய மனிதர்கள் ஆனார்கள்.

அவர்களைத் திறமை இல்லாதவர்கள் என்று நான் சொல்லவில்லை. கணக்கு தெரிந்தவர்கள், கடல் தாண்டி வியாபாரம் செய்தவர்கள். ஆனால் அந்தத் திறமையின் பலன் எங்கே போய்ச் சேர்ந்தது என்று பாருங்கள். கோயில், மண்டபம், தோட்டம், பல்லக்கு, குடை, தங்கள் சாதிக்கென்று தெரு. 1688-இல் சென்னை மாநகராட்சி தொடங்கியபோது பன்னிரண்டு ஆல்டர்மென் நியமித்தார்கள். அதில் மூன்று இடம் இந்துப் பெரியவர்களுக்குப் போனது. சேரிக்கு? கிடையாது. அந்த மாநகராட்சிக்கு ஒரு தலித், ஜெ. சிவசண்முகம் பிள்ளை, மேயராக வந்தது 1937-இல். இடையில் 249 ஆண்டு! ஒரு தலித் பெண், ஆர். பிரியா, மேயர் ஆனது 2022-இல். அதற்கு 334 ஆண்டு. இடஒதுக்கீடு எதற்கு என்று கேட்கிறவர்களுக்கு இந்த இரண்டு எண்களையும் சொல்லுங்கள், போதும்.

இப்போது வலங்கை, இடங்கை விஷயத்துக்கு வருகிறேன். கம்பெனிக்காரன் வருவதற்குப் பல நூற்றாண்டு முன்பே தமிழகத்தில் சாதிகள் வலங்கை, இடங்கை என்று இரண்டு அணியாகப் பிரிந்து கிடந்தன. சென்னையில் வலங்கைக்குத் தலைமை கோமுட்டிச் செட்டிகளும் பலிஜாக்களும். இடங்கைக்குத் தலைமை பேரி செட்டிகள், அவர்களோடு கம்மாளர். மேலே செட்டியும் செட்டியும். கீழே யார் தெரியுமா? வலங்கையில் பறையர். இடங்கையில் சக்கிலியர், அதாவது இன்றைய அருந்ததியர். தீண்டப்படாதவர்களைக்கூட விட்டுவைக்கவில்லை, தோழர்களே. வெட்டி இரண்டாகப் பங்கு போட்டுக்கொண்டார்கள்.

சண்டை எதற்கு? கல்யாண ஊர்வலம் எந்தத் தெருவில் போகலாம், யார் குதிரை ஏறலாம், யார் எந்தக் கொடி பிடிக்கலாம் என்பதற்கு. வலங்கைக்குப் பந்தலில் பன்னிரண்டு கால், இடங்கைக்குப் பதினொன்றுதான். ஒரு கால் கூடினால் கலவரம். கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் சிரிக்க வேண்டிய விஷயமல்ல. தெருவில் யார் ஊர்வலம் போகலாம் என்பது, அந்தத் தெரு யாருடையது என்பதுதானே? இன்றைக்கும் நம்ம பிணம் போகிற பாதைக்கும், நம்ம மாப்பிள்ளை குதிரை ஏறுவதற்கும் கலவரம் நடக்கிறதே, அதுவும் இதே கேள்விதான்.

சென்னை தோன்றிப் பதின்மூன்று ஆண்டுகூட ஆகவில்லை, 1652-இல் முதல் பெரிய மோதல். கம்பெனி தலையிட்டு, இந்தத் தெரு இவர்களுக்கு, அந்தத் தெரு அவர்களுக்கு என்று பிரித்து வைத்தது. அடுத்த பெரிய மோதல் 1707-இல். தாமஸ் பிட் கவர்னர். வெளியில் காரணம் கல்யாண ஊர்வலம். உள்ளே காரணம் வேறு. கம்பெனியின் துணி ஒப்பந்தம் அப்போது இடங்கையைச் சேர்ந்த பேரி செட்டிகள் கைக்குப் போயிருந்தது. வலங்கை வணிகர்களுக்கு அது பொறுக்கவில்லை. கம்பெனியின் ஆலோசனைச் சபையிலேயே வில்லியம் பிரேசர் வலங்கைக்குப் பரிந்து பேசுகிறார் என்று பிட் குற்றம் சாட்டினார். ஆக, கோட்டைக்குள் வெள்ளைக்காரன் அதிகாரப் போட்டி, வெளியே செட்டிகளின் ஒப்பந்தப் போட்டி. இரண்டும் தெருவுக்கு வரும்போது கல்யாண ஊர்வலமாக வேஷம் மாறிவிடுகிறது.

1708-இல் வலங்கை மக்கள் கூட்டம் கூட்டமாக ஊரைக் காலி செய்துவிட்டு, கம்பெனியின் எல்லைக்கு வெளியே இருந்த சாந்தோமுக்குப் போனார்கள். இதன் பலம் என்னவென்று நினைத்துப் பாருங்கள். அன்றைக்குச் சென்னைக்குத் துறைமுகம் கிடையாது. கப்பல் தூரத்தில் நிற்கும். அலையைத் தாண்டி மசூலாப் படகில் போய்ச் சரக்கை இறக்க வேண்டும். படகு தள்ள ஆள் இல்லை, மூட்டை தூக்க ஆள் இல்லை, துணி வெளுக்க ஆள் இல்லை என்றால் கவர்னர் என்ன, அவன் ராஜாவே வந்தாலும் வியாபாரம் நடக்காது. 'வேலைநிறுத்தம்' என்ற சொல் வருவதற்கு முன்பே நடந்த வேலைநிறுத்தம் அது.

கடைசியில் சமாதானம் ஆயிற்று. எப்படி? எல்லைக் கல் நட்டார்கள். இந்தப் பக்கம் வலங்கை, அந்தப் பக்கம் இடங்கை. ஊர்வலப் பாதையைப் பிரித்தார்கள். செட்டிமார்களின் மானம் காப்பாற்றப்பட்டது, கம்பெனியின் கப்பலும் நிரம்பியது. ஊரை நிறுத்திக் காட்டின உழைப்பாளிக்கு என்ன கிடைத்தது? கூலி கூடிற்றா? சேரிக்கு மனை கிடைத்ததா? அவன் பெயரில் ஒரு தெரு வந்ததா? அவை அந்தச் சமாதானப் பேச்சின் பொருளாகவே இல்லை. கோரிக்கைப் பட்டியலை எழுதினது அவன் இல்லையே!

இங்கே ஒன்றை எச்சரிக்கையோடு சொல்ல வேண்டும். நம் முன்னோர்கள் ஏமாளிகள், எவனோ கூப்பிட்டான் என்று போய் அடிபட்டார்கள் என்று யாராவது பேசினால் ஒத்துக்கொள்ளாதீர்கள். பறையர் தங்களை 'வலங்கைமத்தார்' என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டார்கள். ஊர் முழுக்க அவர்களைத் தள்ளி வைத்தபோது, வலங்கை என்ற ஒரு அணிக்குள்தான் 'நீயும் எங்கள் ஆள்' என்ற வார்த்தை கிடைத்தது. மரியாதைக்காகப் பசித்திருந்தவனுக்கு மரியாதையின் வாசனையைக் காட்டினார்கள். கல்யாண வீட்டில் பறை அடிக்கலாம், ஆனால் பந்திக்கு வரக்கூடாது. கலவரத்தில் முன்னால் நிற்கலாம், ஆனால் பேச்சுவார்த்தையில் உட்காரக்கூடாது. 'கை' என்று பெயர் வைத்தார்களே, அது சரியான பெயர்தான். கை அடிக்கும், அடி வாங்கும். முடிவு எடுக்கிற தலை வேறு இடத்தில் இருக்கும்.

இதில் இன்னும் கொடுமையானது ஒன்று உண்டு. 1792 முதல் 1823 வரை தென்னிந்தியாவில் வாழ்ந்த துபுவா பாதிரியார், தான் கண்ணால் கண்ட ஒரு சச்சரவை எழுதியிருக்கிறார். ஒரு சக்கிலியர் பொது விழாவுக்குத் தலைப்பாகையில் சிவப்புப் பூ செருகிக்கொண்டு வந்துவிட்டார். அது வலங்கைக்கு உரியது, இடங்கைக்காரனுக்கு உரிமை இல்லை என்று பறையர்கள் எதிர்த்தார்கள். கலவரத்துக்குப் பயந்து சுற்றுவட்டாரத்தில் பலர் ஊரையே காலி செய்யத் தொடங்கிவிட்டார்கள். ஒரு பூ! இரண்டு பேருக்கும் கோயிலுக்குள் போக உரிமை இல்லை, ஊர்க் கிணற்றில் தண்ணீர் எடுக்க உரிமை இல்லை. ஆனால் பூ யாருடையது என்பதற்கு ஒருவரையொருவர் வெட்டிக்கொள்ளத் தயார். செட்டிகள் தங்களுக்குள் தொடங்கின சண்டையை அவர்கள் மறந்த பிறகும் நாம் நமக்குள் நடத்திக்கொண்டிருந்தோம்.

அந்த வணிகர்களாவது கம்பெனியிடம் நிலைத்து நின்றார்களா என்றால், அதுவும் இல்லை. சுங்குராமச் செட்டி பெரிய தலைமை வணிகர். பதவி போன பிறகு, 1734-இல் அவருடைய தோட்டத்தையே எடுத்துக் கம்பெனி நெசவாளர் குடியிருப்பு ஆக்கியது. அதுதான் சிந்தாதிரிப்பேட்டை. சின்னத் தறிப் பேட்டை. 18-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கம்பெனிக்குப் படைபலமும் நில வருவாயும் வந்தபின், தன் குமாஸ்தாக்களை வைத்து நெசவாளியை நேரடியாகவே பிடிக்கத் தொடங்கியது. இடையாளின் தேவை முடிந்தது. அதிகாரத்துக்கு இடையாளாக இருப்பவன் எவ்வளவு பெரிய பல்லக்கில் போனாலும் அவன் கதி இதுதான். இன்றைக்கு நம் பகுதிகளில் கட்சிகளுக்கு இடையாளாக அலையும் நம் ஆட்களும் இதைக் காதில் போட்டுக்கொள்ள வேண்டும்.

இதே காலத்தில் நம் மக்கள் தமக்காகவே நின்ற சம்பவமும் உண்டு. அதைச் சொல்லாமல் விட்டால் இந்தப் பேச்சு பாதிப் பேச்சாகிவிடும். சென்னை அல்ல, பிரெஞ்சுக்காரன் ஆண்ட புதுச்சேரி. சாட்சி சொல்வது நம் ஆள் அல்ல. துய்ப்ளெக்சின் துபாஷியாகப் பிற்பாடு ஆன வணிகர் ஆனந்தரங்கப் பிள்ளை. 1736 தொடங்கி 1761 வரை அவர் எழுதிய நாட்குறிப்பில், 1745 அக்டோபரில் இது வருகிறது.

புதுச்சேரி சம்பா கோயிலுக்குள் ஒரு சுவர் இருந்தது. ஒரு பக்கம் பறையர் கிறித்தவர்கள், மறுபக்கம் சாதிக் கிறித்தவர்கள். காரைக்காலிலிருந்து வந்த ஒரு பாதிரியார் அதைப் பார்த்துவிட்டு, போய்க் கேளுங்கள் என்று அவர்களுக்குச் சொன்னார். பல சேரிகளிலிருந்தும் மக்கள் திரண்டு பெரிய பாதிரியாரிடம் போனார்கள். நாங்களும் உங்கள் சீடர்கள் என்றால் எங்களுக்கு மட்டும் ஏன் இந்தச் சுவர், பதில் சொல்லுங்கள் என்று கேட்டார்கள். பதில் சொல்ல முடியவில்லை. சுவர் இடிக்கப்பட்டது. சாதிக் கிறித்தவர்கள் கொதித்தார்கள், கூட்டம் போட்டார்கள், விவகாரம் கவர்னர் வரைக்கும் போனது. அதோடு திருச்சபையில் சாதி ஒழிந்துவிடவில்லை. தனி இடமும் தனிக் கல்லறையும் அதற்குப் பிறகும் எத்தனையோ ஊர்களில் தொடர்ந்தன. ஆனாலும் ஒரு சுவர் இடிந்தது. கேட்டவர்கள் நாம். கேட்டது நம்முடைய கோரிக்கை.

இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1708-இல் ஒரு பட்டணத்தையே நிறுத்துகிற பலம் இருந்தது, சொந்தக் கோரிக்கை இல்லை. முடிவில் எல்லைக் கல்லை நட்டுவிட்டுப் போனார்கள். 1745-இல் அந்த அளவு பலம் இல்லை, ஆனால் கேள்வி நம்முடையதாக இருந்தது. சுவர் விழுந்தது.

சுவர்கள் இன்னும் இருக்கின்றன, தோழர்களே. உத்தப்புரத்தில் சாதிச் சுவரின் ஒரு பகுதியை உடைக்க 2008 மே மாதம் வரை போராட வேண்டியிருந்தது. 2019 டிசம்பர் 2 அன்று மேட்டுப்பாளையம் நடூரில் சுவர் விழுந்து 17 தலித்துகள் செத்தார்கள். அதே சமயம் நமக்குள்ளும் கல் நட ஆள் தயாராக இருக்கிறார்கள். அருந்ததியர் உள் ஒதுக்கீட்டுச் சட்டம் 2009-இல் வந்தது. உட்பிரிவு செல்லும் என்று 2024-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. எண்ணிக்கையைப் பற்றி, முறையைப் பற்றி நாம் உட்கார்ந்து விவாதிக்கலாம், விவாதிக்கவும் வேண்டும். அதை இன்னொரு சிவப்புப் பூச் சண்டையாக மாற்ற வருகிறவன் யாருடைய கை என்று மட்டும் முதலில் கேளுங்கள்.

இங்கே இருக்கிற மாணவர்களுக்கு ஒரு வேலை சொல்கிறேன். உங்கள் ஊருக்குப் போய்ப் பழைய தெருப் பெயர்களை எழுதுங்கள். எந்தத் தெருவில் எந்த ஊர்வலம் எப்போது தடுக்கப்பட்டது என்று பெரியவர்களிடம் கேட்டு எழுதுங்கள். அந்தச் சண்டையில் சிறைக்குப் போனவர் யார், பேச்சுவார்த்தைக்கு உட்கார்ந்தவர் யார் என்று இரண்டு பட்டியல் போடுங்கள். முதல் பட்டியலில் இருக்கிறவர்கள் இரண்டாவது பட்டியலில் எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள். நாம் எங்கே நிற்கிறோம் என்பது அதிலேயே தெரிந்துவிடும். அடுத்த கூட்டத்துக்கு அந்தப் பட்டியலோடு வாருங்கள், அங்கிருந்து பேசுவோம்.