சாறு என்னும் ஒரு சொல்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

 

எனக்கு முன் பேசிய அன்பர்கள் வள்ளுவரைப் பற்றியும் இளங்கோவடிகளைப் பற்றியும் அரிய கருத்துக்களை எடுத்துரைத்தார்கள். மெட்ரிக்குலேஷனோடு படிப்பை முடித்துக்கொண்டு இரயில்வே அலுவலகக் கோப்புகளுக்கிடையே காலங்கழிக்கும் என்னிடம் அத்தகைய புலமை இல்லை. ஆகவே செயலாளர் அவர்களிடம், “நான் தக்காளிச் சாற்றைப் பற்றிப் பேசலாமா?” என்று கேட்டேன். அவர் சற்று நேரம் என் முகத்தையே பார்த்தார். பிறகு, “பேசுங்கள்; ஆனால் விருந்துக்கு முன் பேச்சை முடித்துவிடுங்கள்” என்றார். அந்த நிபந்தனையை மீறமாட்டேன் என்று முதற்கண் உறுதி கூறுகின்றேன்.

சென்ற ஆண்டு என் மகள் ஒரு திருமண விருந்தில் தக்காளி சூப் அருந்திவிட்டு வந்து, “அப்பா, நம் வீட்டில் ஏன் சூப் வைப்பதில்லை?” என்று கேட்டாள். “அம்மா, நம் வீட்டில் நாள்தோறும் வைப்பது என்ன?” என்றேன். “அது ரசம், சோற்றில் ஊற்றிக்கொள்வது” என்றாள். கோப்பையில் ஊற்றி, மேலே நான்கு ரொட்டித் துண்டுகளை மிதக்கவிட்டால் மதிப்பு. தட்டில் ஊற்றினால் மதிப்பில்லை! குழந்தையைக் குறை கூறிப் பயனில்லை. கடைகளில் உறைகளில் அடைத்து விற்கும் சூப்புத் தூளை வாங்கி வந்தவர்கள் நாம்தாமே?

அன்பர்களே, சூப்பு என்று மேலைநாட்டார் கொண்டாடும் உணவு வரிசையில் நம் வீட்டுப் பிள்ளை ஒன்று இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக அமர்ந்திருக்கின்றது. ஆங்கிலேயர் ‘மல்லிகடானி’ என்று கூறும் சூப்பின் பெயர், நம் ‘மிளகுத் தண்ணீர்’ என்பதன் திரிபே. நம் நாட்டில் வழங்கிய சொற்கள் ஆங்கிலத்திற் புகுந்த வரலாற்றை யூல், பர்னெல் என்னும் இருவர் ‘ஹாப்ஸன் ஜாப்ஸன்’ என்ற அகராதியாகத் தொகுத்தனர். அது 1886-இல் வெளிவந்தது. அதில் இச்சொல்லுக்குக் காட்டப்பட்டுள்ள மேற்கோள்களுள் 1784-ஆம் ஆண்டைச் சேர்ந்த பாட்டு ஒன்று உண்டு. அதைப் பாடியவர் யார் தெரியுமா? மைசூரை ஆண்ட ஹைதர் அலியிடம் சிறைப்பட்டு, பெங்களூர்ச் சிறையில் இருந்த ஆங்கிலக் கப்பற்படை வீரர் ஒருவர். மிளகுத் தண்ணீரும் கஞ்சியுமே தமக்கு உணவாயிற்று என்று அதில் அவர் நொந்துகொள்கின்றார். தமிழ்ச் சொல் ஒன்று மைசூர் அரசின் சிறைக்கூடத்திலிருந்து ஆங்கிலப் பாட்டில் ஏறிவிட்டது! அன்று அவர் சலித்துக்கொண்ட உணவைப் பின்னாளில் அவர் நாட்டார் இறைச்சியும் காய்களும் சேர்த்துத் தம் விருந்துகளில் பரிமாறினர் என்பதையும் எண்ணிப் பாருங்கள்.

ஆனால் அந்த மிளகுத் தண்ணீரிலே தக்காளி இருந்திருக்குமா? இருந்திருக்க வாய்ப்பு மிகக் குறைவு. தக்காளி தென்னமெரிக்காவின் ஆண்டிஸ் மலைப் பகுதியில் தோன்றி, மெக்சிகோவில் பயிராக வளர்ந்து, பதினாறாம் நூற்றாண்டில் ஐரோப்பாவை அடைந்து, பின்னர் ஐரோப்பியர் வாயிலாக நம் நாட்டிற்கு வந்தது. அதனாலேயே நம் முன்னோர் அதனைச் ‘சீமைத் தக்காளி’ என்றனர். மிளகாயும் அவ்வாறு கடல் கடந்து வந்ததே. மிளகு ஒன்றே இம்மேற்கு மலைத்தொடரின் சொந்தப் பிள்ளை. இன்றும் குடகிலிருந்து மைசூர்க் கடைகளுக்கு அது வந்துகொண்டிருக்கின்றது. சீமையிலிருந்து வந்த தக்காளியோ கோலார் மாவட்டத்தையே தன் ஊராக்கிக்கொண்டு விட்டது. அங்குள்ள தக்காளிச் சந்தை நாடறிந்தது. வந்த இடத்தில் வேரூன்றி, அவ்வூரார்க்குப் பயன்பட்டு வாழ்வது எப்படி என்பதைக் குடிபெயர்ந்து வந்த நாமும் தக்காளியிடம் கற்கலாம்.

இனி, இன்று நான் சொல்ல விரும்பிய செய்திக்கு வருகின்றேன். அது சற்று வெட்கத்தோடு சொல்ல வேண்டிய செய்தி.

என் அன்னையார் சேலம் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றிற் பிறந்தவர், எழுத்தறியாதவர். அவர் ரசத்தை ஒருநாளும் ரசம் என்று சொன்னதில்லை. ‘சாறு’ என்றுதான் சொல்வார். நான் பள்ளியிற் படிக்கும்போது ஒருநாள் நண்பர்கள் இருவர் உணவருந்த வந்திருந்தனர். “சாறு ஊத்தட்டுமா, கண்ணு?” என்று அன்னையார் கேட்டார். நண்பர்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்தனர். அவர்கள் போன பிறகு நான் அன்னையாரிடம், “இனிமேல் நாலு பேர் முன்னால் ரசம் என்று சொல்லுங்கள், அம்மா” என்றேன். அவர் மறுமொழி ஒன்றும் கூறவில்லை. அன்று முதல் வெளியார் வந்தால் ரசம் என்றே சொல்லிவந்தார். நான் வெற்றி பெற்றதாக எண்ணிக்கொண்டேன்.

ஆண்டுகள் சென்றன. தந்தையார் மறைந்தபின் அன்னையாரை மைசூருக்கு அழைத்து வந்தேன். ஊர் புதிது, மொழி புதிது. பேச ஆளின்றிப் பெரும்பாலும் பேசாமலே இருந்தார். ஒருமுறை என் மனைவி தன் தந்தையாரின் அறுவைச் சிகிச்சைக்காக ஊருக்குச் சென்றிருந்த நாட்களில் அன்னையாருக்குக் காய்ச்சல் கண்டது. மருத்துவர் மருந்து தந்து காய்ச்சலைத் தணித்தார். ஆனால் வாய் கசந்து அவர் எதையும் உண்ணவில்லை. நாற்பதை நெருங்கிய நான் அன்றுதான் முதன்முதலாக அடுப்பின் முன் நின்றேன். தக்காளியையும் எலுமிச்சம்பழச் சாற்றையும் கொத்தமல்லியையும் ஒன்றாகக் கொட்டி அரைமணி நேரம் கொதிக்கவிட்டேன். அன்னையார் ஒரு வாய் அருந்தினார். “நல்லாத்தான் இருக்குது, கண்ணு” என்று தம்ளரைக் கீழே வைத்துவிட்டார். நான் எடுத்து வாயில் வைத்துப் பார்த்தேன்; வேப்பம்பட்டைக் கஷாயம் போற் கசந்தது.

அன்று மாலை பக்கத்து வீட்டுக் கன்னட அம்மையார் ஒரு தூக்குப் பாத்திரத்தோடு வந்தார். அன்னையாரின் கட்டிலருகே அமர்ந்து, “அஜ்ஜி, சாரு தந்தித்தீனி” என்றார்.

அன்னையார் எழுந்து உட்கார்ந்தார். “என்ன சொன்னே, அம்மணி? சாறா?” என்று கேட்டார். “ஹௌது அஜ்ஜி, சாரு” என்றார் அந்த அம்மையார். அன்னையார் அவர் கையைப் பற்றிக்கொண்டார். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. அன்பர்களே, அலுவலகத்தில் மேலதிகாரிகளின் பார்வைகள் பல என்மேல் விழுந்ததுண்டு. அந்தப் பார்வைக்கு முன் நான் தலைகுனிந்ததுபோல் எங்கும் குனிந்ததில்லை. அவர் தம்ளர் முழுவதையும் அருந்தினார்.

பின்னர் நான் எண்ணிப் பார்த்தேன். கன்னடத்தில் ‘சாரு’, தெலுங்கில் ‘சாரு’, தமிழில் ‘சாறு’. நம் வைணவப் பெருமக்கள் வீடுகளில் இன்றும் வழங்கும் ‘சாத்தமுது’ என்பதும் ‘சாற்றமுது’ என்பதன் மருவே. மேல்கோட்டைப் பக்கத்து ஐயங்கார் இல்லங்களில் அச்சொல்லைக் கேட்கலாம். ரசம் என்னும் வடசொல்லுக்கும் சாறு என்பதே பொருள். ரசம் இழிந்த சொல் அன்று, நானும் சொல்கின்றேன். ஆனால் நான் நாட்டுப்புறத்துச் சொல் என்று நாணிய சொல்லே மூன்று மொழியார்க்குப் பொதுவான பழஞ்சொல் என்பதை உணர, நான் மைசூர் வரை வரவேண்டியதாயிற்று.

அந்த அம்மையாரே எனக்குச் சாறு வைக்கக் கற்றுக்கொடுத்தார். நால்வர்க்குரிய அளவைக் கூறுகின்றேன். ஆடவர்கள் சிறப்பாகக் கவனிக்க வேண்டுகின்றேன்.

நன்கு பழுத்த நாட்டுத் தக்காளி ஆறு, துவரம்பருப்பு இரண்டு மேசைக்கரண்டி, மிளகும் சீரகமும் ஒவ்வொரு தேக்கரண்டி, பூண்டு நான்கு பல், எலுமிச்சம்பழம் ஒன்று, கொத்தமல்லி ஒரு பிடி, கறிவேப்பிலை இரண்டு இணுக்கு, விரும்பினால் ஐந்தாறு புதினா இலை. பருப்பைக் குழைய வேகவைத்து, தண்ணீர் விட்டுக் கடைந்துகொள்ளவும். தக்காளியைக் கொதிநீரில் தோல் வெடிக்கும்வரை இட்டெடுத்து, தோலை உரித்து, கையால் நன்றாகப் பிசைந்துகொள்ளவும். கோப்பையில் ஊற்றிப் பருக வேண்டுமானால் வடிகட்டலாம். மிளகு, சீரகம், பூண்டு, கொத்தமல்லித் தண்டு ஆகியவற்றை ஒன்றிரண்டாக இடித்துச் சேர்த்து, உப்பும் மஞ்சளும் இட்டு, இரண்டு தம்ளர் தண்ணீரோடு பச்சை வாசனை போகும்வரை, ஏறத்தாழப் பத்து நிமிடம் கொதிக்கவிடவும். பிறகு பருப்புத் தண்ணீரை ஊற்றி நான்கு தம்ளர் அளவாக்கவும். விளிம்பில் நுரை கட்டி மேலே பொங்கி வரும்போது இறக்கிவிட வேண்டும். அதற்குமேல் தளதளவென்று கொதிக்கவிடலாகாது. நெய்யில் கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலை தாளித்துக் கொட்டி, கொத்தமல்லி இலையையும் புதினாவையும் கிள்ளிப் போட்டு மூடிவைக்கவும்.

எலுமிச்சை எங்கே என்று கேட்பீர்கள். அதுதான் கடைசி. அடுப்பிலிருந்து இறக்கி ஐந்து நிமிடம் ஆன பின்னரே, விதை நீக்கிப் பிழிய வேண்டும். தோல் கசங்கும்படி நெரிக்கக் கூடாது. முதலில் அரைப்பழம் பிழிந்து சுவைத்துப் பார்த்து, வேண்டுமானால் மறுபாதியையும் பிழியலாம். கொதிக்கும் பாத்திரத்தில் பிழிந்தால் மணம் ஆவியாகப் போய்விடும். கசப்பு மட்டும் நம்மிடம் தங்கும். இதற்கு மற்றொரு காரணமும் உண்டு. தக்காளிக்குச் சிவப்பு நிறம் தரும் லைக்கோபீன் என்னும் பொருள், வேகவைத்துச் சிறிது நெய்யோடு உண்ணும்போது உடலில் நன்றாகச் சேர்கின்றது. எலுமிச்சையிலுள்ள வைட்டமின் சி வெப்பத்தால் குறைகின்றது. ஒன்று நெருப்பை நாடுவது. மற்றொன்று நெருப்பைத் தாங்காதது. ஒவ்வொன்றையும் அதனதன் நேரத்தில் சேர்ப்பதே பக்குவம்.

இவ்வூர் முறையில் செய்ய விரும்புவோர் மல்லிவிதை, கடலைப்பருப்பு, பேடகி மிளகாய் ஆகியவற்றை வறுத்து, தேங்காய்த் துருவலோடு அரைத்துச் சேர்க்கலாம். மைசூர் ரசம் என்று தமிழ்நாட்டிலும் பெயர் பெற்றது அதுவே. 2023-ஆம் ஆண்டு சூலை மாதத்தில் தக்காளி கிலோ நூறு ரூபாயைத் தாண்டியபோது, நாங்கள் இரண்டே தக்காளியோடு, எலுமிச்சையைச் சற்றுக் கூட்டி ஒப்பேற்றினோம். ஈயச் சொம்பு வைத்திருப்பவர்கள் வெற்றுப் பாத்திரத்தை அடுப்பில் வைத்துவிடாதீர்கள். வெள்ளீயம் எளிதில் உருகிவிடும். இன்னும் ஒன்று: சாறு நாவிற்குச் சுவை தரும், சோர்ந்த உடலுக்கு இதம் தரும், ஆனால் மருந்தாகாது. 2020-ஆம் ஆண்டு கொரோனாக் காலத்தில் மிளகுச் சாறே போதும் என்று சிலர் கூறியதுபோல் நாம் கூறலாகாது. காய்ச்சலுக்கு மருத்துவர், கசந்த வாய்க்குச் சாறு.

என் அன்னையார் அதன்பின் இரண்டாண்டுகள் இருந்தார். மாலை நேரங்களில் அவரும் பக்கத்து வீட்டு அம்மையாரும் வாயிற்படியில் அமர்ந்து, அவர் தமிழிலும் இவர் கன்னடத்திலும் பேசிக்கொண்டிருப்பார்கள். முழுவதும் விளங்கியதா என்று எனக்குத் தெரியாது. பேச்சு மட்டும் நின்றதில்லை. அந்நாட்களில் நான் வைத்துக் கொடுத்த சாற்றை அவர் அருந்தினார். “சாறு இன்னும் கொஞ்சம் ஊற்றட்டுமா, அம்மா?” என்று ஒவ்வொரு நாளும் வேண்டுமென்றே கேட்பேன். அதற்குமேல் மன்னிப்புக் கேட்க எனக்குத் தெரியவில்லை. அவருக்கும் அது தெரிந்திருக்கும் என்று நம்புகின்றேன்.

இறுதியாகச் சங்கத்தாரிடம் ஒரு வேண்டுகோள். நம் குடியிருப்பில் முதியோர் பலர் இருக்கின்றனர். அவர்கள் பேசும் சொற்களை நம் பிள்ளைகள் கேட்டுச் சிரிக்குமுன் நாம் எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். வீட்டிற்குப் பத்துச் சொல் போதும். அடுத்த ஆண்டு மலரில் அவற்றிற்கென்று இரண்டு பக்கங்கள் ஒதுக்குங்கள். அவற்றின் பக்கத்தில் கன்னடச் சொல்லையும் எழுதுங்கள். எத்தனை சொற்கள் கைகோத்து நிற்கின்றன என்பது அப்போது விளங்கும். பட்டியலின் முதற்சொல்லை இன்றே தருகின்றேன்: சாறு.

என் மகள் இப்போது அச்சொல்லையே சொல்கின்றாள். பள்ளித் தோழியர் வீட்டிலும் சொல்கின்றாளாம், அங்கே யாரும் சிரிக்கவில்லையாம், ஊற்றத்தான் செய்கின்றார்களாம்.

விருந்து மணம் வந்துவிட்டது. செயலாளரும் கடிகாரத்தைப் பார்க்கின்றார். என் சிற்றுரையை முடித்துக்கொள்கின்றேன்.