கூலிக்காரி கற்பித்த பாடம்

(தாம்பரம் கூட்டத்தில் பேசியதன் சுருக்கம்)



பெண்களைப் பற்றிய ஆராய்ச்சி இன்று சர்வகலாசாலைகளில் தனிப் படிப்பு. அதனால் கூலிக்காரிக்கு என்ன லாபம் என்று சிலர் கேட்கிறார்கள். அது பிறந்த கதையைப் பார்ப்போம்.

பெண்களின் நிலையை ஆராய 1971-ல் சர்க்கார் ஒரு கமிட்டி அமைத்தது. 1974-ல் அறிக்கை வந்தது. ஆயிரம் ஆண்களுக்கு 1901-ல் 972 பெண்கள், 1971-லோ 930தான்! சட்டத்தில் சமத்துவம் இருந்தது. பெண்ணின் எண்ணிக்கையே தேய்ந்திருந்தது. படித்தவர்கள் திடுக்கிட்டார்கள். அந்த ஆண்டே பம்பாய் எஸ்.என்.டி.டி. பெண்கள் சர்வகலாசாலையில் ஆராய்ச்சி மையம் தோன்றியது.

கமிட்டியின் செயலாளர் வீணா மஜும்தார், 1980-ல் டெல்லியில் நண்பர்களோடு ஓர் ஆராய்ச்சி நிலையம் கண்டார். அவர்கள் ஏட்டோடு நிற்கவில்லை. வங்காளத்துப் பாங்குரா ஜில்லாவில், கூலிக்காக ஊர்விட்டு ஊர் போகும் பெண்களைக் கேட்டார்கள்: "உங்களுக்கு என்ன வேண்டும்?" சொந்த ஊரிலேயே வேலை வேண்டும் என்றார்கள் அந்தப் பெண்கள். சங்கம் அமைத்தார்கள்; தரிசில் மரம் நட்டுப் பட்டுப்புழு வளர்த்தார்கள்.

இந்தப் படிப்புக்கு ஆசிரியர் யார்? உழைக்கும் பெண்தான்!

ஆகவே தோழர்களே, கணக்கெடுக்க வருகிறவரிடம் "வீட்டில் சும்மா இருக்கிறாள்" என்று இனி நாம் சொல்ல வேண்டாம். நாற்று நட்டாள், மாடு கறந்தாள், நம்மை மில்லுக்கு அனுப்பினாள் என்று சொல்வோம். மறைத்த உழைப்புக்குக் கூலி கேட்க முடியாது!