பந்துக்கு இல்லாத தீட்டு
(தேனியில் ஆற்றிய சொற்பொழிவின் சுருக்கம்)

தேனி முதல் கம்பம் வரை எந்த ஊருக்குப் போனாலும் மாலையில் இளைஞர்கள் பந்தும் மட்டையுமாக நிற்பதைப் பார்க்கிறோம். “விளையாட்டிலே சாதி ஏது?” என்று சிலர் நம்மைக் கேட்கிறார்கள். அவர்களுக்குப் பல்வங்கர் பாலு என்பவரைப் பற்றிச் சொல்லுகிறோம்.

பாலு தோல் தொழில் செய்யும் சாதியிலே பிறந்தவர். பூனாவில் வெள்ளைக்காரர் கிளப்பிலே மாதம் 4 ரூபாய்ச் சம்பளத்துக்கு மைதானத்தைச் செப்பனிட்டவர். துரைமார்கள் அடித்துப் பழகுவதற்காகப் பந்து போட்டுப் போட்டே இடதுகைச் சுழற்பந்தில் நிகரற்றவரானார். அவ்வூர் இந்துக்கள் கிளப்பார் வெள்ளையரை வெல்ல ஆசைப்பட்டார்கள். அதற்குப் பாலு வேண்டியிருந்தது. ஆதலால் சாஸ்திரம் சற்று ஒதுங்கி நின்றது!

மைதானத்தில் அவர் கை பட்ட பந்தைப் பார்ப்பனர் கையும் தொட்டது, தீட்டில்லை. டீ வேளை வந்ததும் மற்றவர்கள் உள்ளே பீங்கான் கோப்பையில் குடிக்க, பாலுவுக்கு வெளியே மண் குவளையில் ஊற்றினார்கள். சாப்பாடும் தனி. பந்தில் இல்லாத தீட்டு கோப்பையில் எங்கிருந்து வந்தது?

1906-ல் பம்பாயில் இந்துக்கள் கோஷ்டி ஐரோப்பியரை வென்றதில் பாலுவுக்குப் பெரும் பங்குண்டு. 1911-ல் இங்கிலாந்து சென்ற இந்தியக் கோஷ்டியில் 114 விக்கெட்டுகள் எடுத்தார். அப்படிப்பட்டவருக்கு இந்துக்கள் கோஷ்டியார் முறைப்படி காப்டன் பதவியைக் கொடுக்கவேயில்லை. 1920-ல் தம்பிமார் விட்டலும் சிவராமும் இந்த அநீதியைப் பொறுக்காமல் அறிக்கை விட்டு விலகி நின்றார்கள். 1923-ல் விட்டல் காப்டனானார். கெஞ்சியா கிடைத்தது? மானத்தோடு எதிர்த்து நின்ற பிறகே கிடைத்தது.

அமெரிக்காவிலே 1947-ல் ஜாக்கி ராபின்சன் என்னும் கறுப்பினத்தவர் பெரிய பேஸ்பால் கோஷ்டியில் ஆட இறங்கியபோதும் ஏச்சும் பேச்சுமே வரவேற்றன. அங்கே தோலின் நிறத்தைப் பார்த்தார்கள். இங்கேயோ நிறமும் ஒன்று, மதமும் ஒன்று என்கிறார்கள். குவளை மட்டும் இரண்டு!

நம் பள்ளத்தாக்கிலும் கதை வேறா? கூலியாள் அறுத்த நெல்லில் தீட்டில்லை; பறித்த திராட்சையில் தீட்டில்லை; அவர் குடிக்கும் குவளையில் மட்டும் தீட்டென்று தனியே வைத்ததை நாம் கண்டதில்லையா? 1950-ல் வந்த அரசியல் சட்டத்தின் 17-ஆவது பிரிவு தீண்டாமையை ஒழித்தது. காகிதத்தில் ஒழிந்தது மனதிலும் ஒழிய வேண்டாமா?

தோழர்களே! உழைக்கும் கையை ஏற்பவன் அந்த மனிதனின் தலைமையையும் ஏற்க வேண்டும். உங்கள் ஊர்க் கோஷ்டியின் காப்டன் யார், ஆட்டம் முடிந்ததும் யார் யார் எங்கே டீ குடிக்கிறார்கள் என்ற இரண்டை மட்டும் நாளைக்கே போய்ப் பாருங்கள். விளையாட்டிலே சாதி உண்டா இல்லையா என்பது தானே விளங்கும்.